சாவிக்குப் பின்னால்

இரண்டாம் ஆண்டு, பி.எஸ்சி. இயற்பியல்

எங்கள் மண்ணூரில் காரைப் பற்றித் தெரியாதவர் இல்லை. சொந்தமாகக் கார் வைத்திருப்பவர்கள்தாம் சிலர். 1998-ஆம் ஆண்டு பக்கத்து இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் தொழிற்சாலையிலிருந்து சான்ட்ரோ கார்கள் வெளிவரத் தொடங்கின. 2010-இல் ஒரகடத்தில் ரெனோ-நிசான் தொழிற்சாலை வந்தது. இவற்றைச் சுற்றிக் கண்ணாடிக்கு ஒன்று, இருக்கைக்கு ஒன்று, வயருக்கு ஒன்று என்று எத்தனையோ கம்பெனிகள் முளைத்தன. இன்று எங்கள் தெருவில் ஒருவர் கதவு மாட்டுகிறார். அடுத்த வீட்டுக்காரர் பெயிண்டில் கீறல் இருக்கிறதா என்று பார்க்கிறார். எதிர் வீட்டுப் பெண் இருக்கைக்கு உறை தைக்கிறாள். ஆனால் முழுக் காரையும் அறிந்தவர் யார் என்று கேட்டால் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொள்வோம். ஆளுக்கு ஓர் உறுப்புத்தான் தெரியும். அந்த அறிவுகள் ஒன்றோடொன்று பேசிக்கொள்ளாவிட்டால் என்ன ஆகும் என்பதை ஒரு சின்னஞ்சிறு பொருளைக் கொண்டு சொல்லப் போகிறேன். அந்தப் பொருள் காரின் சாவி ஸ்விட்ச்.

சாவி என்றதும் பூட்டுத்தான் நினைவுக்கு வரும். ஆனால் காரில் சாவி நுழையும் பூட்டுக்குப் பின்னால், கண்ணுக்குத் தெரியாமல், தீப்பெட்டி அளவில் ஒரு பிளாஸ்டிக் பெட்டி உட்கார்ந்திருக்கிறது. உண்மையான வேலைக்காரன் அவன்தான்.

தாத்தா காலத்து லாரிகளை முன்னால் ஹேண்டில் போட்டுச் சுழற்றித்தான் கிளப்புவார்களாம். எஞ்சின் திருப்பி உதைத்தால் மணிக்கட்டு முறியும். அமெரிக்காவில் சார்லஸ் கெட்டரிங் என்பவர் உருவாக்கிய மின்சாரத் தொடக்கி 1912-ஆம் ஆண்டு காடிலாக் காரில் பொருத்தப்பட்ட பிறகுதான் கைக்கு விடுதலை கிடைத்தது. தானே கிளப்பிக்கொள்வதால் அதற்கு 'செல்ஃப் ஸ்டார்ட்டர்' என்று பெயர். அந்தப் பெயரில் பாதியை மட்டும் வைத்துக்கொண்டு இன்றும் நம் டிரைவர்கள், "செல்ஃப் எடுக்கலை" என்கிறார்கள். முதலில் அதற்குத் தனிப் பொத்தானோ மிதியோ இருந்தது. சாவியைத் திருப்பினாலே எஞ்சின் கிளம்பும் முறையை 1949-இல் கிரைஸ்லர் கம்பெனி கொண்டு வந்தது. நம் சென்னைப் பாடியில் உள்ள லூகாஸ்-டிவிஎஸ் 1961-இல் தொடங்கப்பட்டது. செல்ஃப் மோட்டார் செய்வதில் பெயர் பெற்றது.

செல்ஃப் மோட்டார் பெரும்பசிக்காரன். சிறிய காரில்கூட எஞ்சினைச் சுழற்ற நூறு ஆம்பியர் கேட்கும். அவ்வளவு மின்னோட்டத்தைச் சாவிக்குப் பின்னால் இருக்கும் தீப்பெட்டி தாங்காது. ஆகவே ஓர் ஏற்பாடு செய்திருக்கிறார்கள். சாவி ஸ்விட்ச், மோட்டாரின் முதுகில் இருக்கும் சொலினாய்டு என்ற காந்தச் சுருளுக்கு மட்டும் மின்சாரம் அனுப்பும். சுருள் காந்தமாகித் தடித்த தாமிர இணைப்பை மூடும். பாட்டரியிலிருந்து நேராக வரும் பெருவயர் வழியாக மோட்டாருக்குச் சாப்பாடு கிடைக்கும். நம் ஆய்வகத்தில் மின்காந்தம் என்று ஒரு மதியத்தில் படித்து முடித்ததைத்தான் ஒவ்வொரு டிரைவரும் காலையில் முதல் வேலையாகச் செய்கிறார்.

ஸ்விட்ச்சுக்கு வரும் வழிகளை எண்ணினால் நான்கு நிலைகள். முதல் நிலை பூட்டு. இரண்டாவதில் ரேடியோ போன்ற சில்லறைப் பொருள்கள் மட்டும் வேலை செய்யும். மூன்றாவது 'ஆன்'; எஞ்சின் ஓடத் தேவையான மின்சாரம் இங்கிருந்துதான் போகிறது. நான்காவது செல்ஃப், அதில் சாவி நிற்காது, கையை எடுத்தால் ஸ்பிரிங் அதை ஆனுக்கே திருப்பி அனுப்பிவிடும்.

இனி எங்கள் வீட்டுக் காருக்கு வருகிறேன். என் சித்தப்பா ஓட்டும் சிறிய கார் பதினாறு வயதானது. இரண்டு கை மாறி எங்களிடம் வந்தது. கம்பெனி பஸ்ஸைத் தவறவிட்டவர்கள், தண்டலத்து ஆஸ்பத்திரிக்குப் போகிறவர்கள், முகூர்த்த வீட்டார் ஆகியோரே அவருக்குப் படியளப்பவர்கள். அந்தக் கார் போன ஐப்பசியில் காலை நேரங்களில் செல்ஃப் எடுக்க மறுத்தது. நான்கு முறை திருப்பினால் ஒருமுறை கிளம்பும். ஒருவர் பார்த்துவிட்டுப் பாட்டரி போய்விட்டது என்றார். நான்காயிரத்து இருநூறு ரூபாய்க்குப் புதுப் பாட்டரி வந்தது. பத்து நாள் கழித்து அதே கதை. அடுத்தவர் செல்ஃப் மோட்டாரையே மாற்ற வேண்டும், ஆறாயிரத்து ஐந்நூறு ஆகும் என்றார். அவர்களைக் குறை சொல்வதற்கில்லை. பட்டறையில் பத்து வண்டி காத்துக்கொண்டிருக்கும்போது, வழக்கமாகப் பழுதாவது எதுவோ அதன் மேல்தான் கை முதலில் போகும். ஆனால் இரண்டாவது ஊகத்துக்குச் சித்தப்பாவிடம் பணம் இல்லை.

இதற்கிடையில் இன்னொன்று நடந்தது. இருங்காட்டுக்கோட்டை அருகே நெடுஞ்சாலையில் ஒரு பள்ளத்தில் கார் இறங்கி ஏறியபோது, ஓடிக்கொண்டிருந்த எஞ்சின் சட்டென்று நின்றுவிட்டது. பின்னால் கண்டெய்னர் லாரி. சித்தப்பா இருந்த வேகத்திலேயே காரை ஓரம் கட்டினார். வண்டியில் ஒரு கைக்குழந்தையும் அதன் தாயும் இருந்தார்கள். அன்று இரவு அவர் சாப்பிடவில்லை. "ஏன்டா, ஃபிசிக்ஸ்தானே படிக்கிற? இது என்னன்னு உன் புஸ்தகத்துல போட்டிருக்கா?" என்று கேட்டார். கேலியாகக் கேட்கவில்லை.

புத்தகத்தில் கார் இல்லை. ஆனால் யோசிக்கும் முறை இருந்தது. செல்ஃப் மோட்டார் கெட்டிருந்தால் எஞ்சின் கிளம்பாமல் போகலாம். ஓடிக்கொண்டிருக்கும் எஞ்சினை அது நிறுத்த முடியாது, ஏனென்றால் எஞ்சின் கிளம்பியதும் அதற்கு வேலை முடிந்துவிட்டது. புதுப் பாட்டரியின் மேலும் சந்தேகப்பட வழியில்லை. அதன் முனைகளும் எர்த் வயரும் சுத்தமாக, இறுக்கமாக இருந்தன. அப்படியானால், கிளம்பாத நோய்க்கும் ஓடும்போது நிற்கும் நோய்க்கும் பொதுவான இடம் எது? வயரிங் படத்தில் இரண்டு கோடுகளையும் விரலால் பின்னோக்கித் தொடர்ந்தால் இரண்டும் சந்திக்கும் இடம் ஒன்றே ஒன்று: சாவி ஸ்விட்ச். நோயை அறிந்து, அதன் காரணத்தை அறிந்து, பிறகே மருந்தைத் தேடு என்று வள்ளுவர் மருத்துவருக்குச் சொன்ன வரிசை மெக்கானிக்குக்கும் பொருந்தும்.

சந்தேகம் வேறு, நிரூபணம் வேறு. ஞாயிற்றுக்கிழமை காலை வாசலில் சோதனை தொடங்கியது. நண்பன் ஒருவனின் மல்டிமீட்டர் இரவலாகக் கிடைத்தது. கியரை நியூட்ரலில் போட்டு, ஹேண்ட் பிரேக்கை இழுத்துவிட்டு, ஹெட்லைட்டைப் போட்டுக்கொண்டு செல்ஃபுக்குத் திருப்பச் சொன்னேன். பாட்டரியோ மோட்டாரோ கெட்டிருந்தால் பெரும்பாலும் விளக்கு மங்கும். மங்கவில்லை. அதாவது மோட்டார் பாட்டரியிடம் எதையும் கேட்கவே இல்லை. கேள்வி வழியிலேயே தொலைந்திருக்கிறது.

அடுத்து, பாட்டரியின் பாசிட்டிவிலிருந்து ஒரு வயரைச் சொலினாய்டின் சிறிய முனைக்கு நேராகக் கொடுத்தேன். மோட்டார் உடனே சுழன்றது. ஆறாயிரத்து ஐந்நூறு ரூபாய் அந்த நொடியில் மிச்சமானது. இதைச் செய்பவர்கள் கியர் நியூட்ரலில் இருப்பதை இரண்டு முறை பார்த்துக்கொள்ள வேண்டும். இல்லாவிட்டால் கார் ஆளின் மேலேயே பாயும்.

பிறகுதான் ஸ்விட்ச்சை அளந்தேன். முதலில் மின்தடையைப் பார்த்தேன். சாவியைச் செல்ஃபில் பிடித்துக்கொண்டு இரு முனைகளுக்கிடையே அளந்தால் மீட்டர் அரை ஓமுக்கும் குறைவாகக் காட்டியது. மீட்டரின் வயர்களே அவ்வளவு காட்டும். ஸ்விட்ச் யோக்கியன் என்று சொல்லிவிடலாம் போலிருந்தது. ஆனால் மீட்டர் ஓம் அளக்கும்போது அனுப்புவது மிகச் சிறிய மின்னோட்டம். சும்மா நிற்பவனின் பலம், மூட்டையைத் தூக்கும்போதுதான் தெரியும். ஆகவே கப்ளரை மறுபடி இணைத்து, சொலினாய்டு மின்சாரம் கேட்கும் அதே நேரத்தில் மின்னழுத்தத்தை அளந்தேன். ஸ்விட்ச்சுக்குள் நுழையும் இடத்தில் 12.2 வோல்ட். வெளியேறும் இடத்தில் 7.1 வோல்ட். இடையில் 5.1 வோல்ட்டைக் காணவில்லை! நல்ல ஸ்விட்ச்சில் இந்த இழப்பு ஒரு வோல்ட்டின் சிறு பகுதியாகத்தான் இருக்க வேண்டும்.

சொலினாய்டு சுருள் இழுத்த மின்னோட்டம் சுமார் 17 ஆம்பியர். எங்கள் காரில் இடையில் ரிலே இல்லாததால் அத்தனையும் ஸ்விட்ச் வழியாகவே போகிறது. ஓம் விதிப்படி 5.1-ஐ 17-ஆல் வகுத்தால் 0.3 ஓம். மீட்டரால் பிரித்துக் காட்ட முடியாத இந்தச் சிறு தடைதான் காரையே நிறுத்தியது. இரண்டையும் பெருக்கினால் ஏறத்தாழ 87 வாட். ஒரு சீலிங் ஃபேன் தின்னும் மின்திறன், விரல் நுனி அளவு தாமிரத் தகட்டில் வெப்பமாகிறது. கருகாமல் என்ன செய்யும்?

புது ஸ்விட்ச்சைச் சென்னை ஜி.பி. ரோட்டில் அறுநூற்றைம்பது ரூபாய்க்கு வாங்கி வந்தோம். பழையதைக் கையோடு எடுத்துப்போய், முனைகளின் எண்ணிக்கை, இருப்பிடம், பின்னால் இருக்கும் பள்ளத்தின் வடிவம் எல்லாவற்றையும் பக்கத்தில் வைத்துப் பார்த்த பிறகே பணம் கொடுத்தோம்.

மாற்றும் வேலை கடினமன்று, ஒழுங்கு வேண்டும். முதலில் பாட்டரியின் நெகட்டிவ் முனையைக் கழற்ற வேண்டும். ஏர்பேக் உள்ள காரானால் அதன் பிறகும் சில நிமிடங்கள் காத்திருக்க வேண்டும். கையேட்டில் சொன்னபடி அல்லாமல் ஸ்டியரிங் பக்கம் போகக் கூடாது. எங்கள் காரில் ஏர்பேக் இல்லை. ஸ்டியரிங் தண்டுக்குக் கீழ் உள்ள பிளாஸ்டிக் மூடியின் திருகாணிகளை எடுத்தால் பூட்டும் அதன் பின்னால் ஸ்விட்ச்சும் தெரியும். பூட்டைத் தொட வேண்டியதில்லை, சாவியும் மாறாது. இரண்டு சிறிய திருகாணிகளை எடுத்தால் ஸ்விட்ச் கையோடு வந்துவிடும். சாவி எந்த நிலையில் இருக்கிறதோ, புது ஸ்விட்ச்சின் நாக்கும் அதே நிலையில் இருக்கும்படி வைத்துப் பொருத்த வேண்டும். அவ்வளவுதான்.

அவ்வளவுதான் என்று நான் நினைத்துக்கொண்டிருந்தபோது என் அக்கா வந்து எட்டிப் பார்த்தாள். அக்கா பிளஸ் டூ முடித்ததும் வயர் கட்டும் கம்பெனிக்குப் போனவள். ஆறு வருடமாகக் காருக்குள் ஓடும் வயர்களைக் கற்றை கற்றையாகச் சேர்த்துக் கட்டுவதுதான் அவள் வேலை. நான் கல்லூரிக்கு வந்து போவது அந்தச் சம்பளத்தில்தான். கப்ளரை வாங்கிக் கவிழ்த்துப் பார்த்தவள், "தம்பி, இந்தக் கறுப்பு-மஞ்சள் வயரோட பின்னைப் பாரு. வாய் விரிஞ்சு போயிருக்கு. இதுலயே புது ஸ்விட்ச்சைச் சொருகினா அதுவும் ஆறு மாசத்துல கருகிடும்டா" என்றாள்.

பார்த்தேன். மற்றப் பின்கள் பளபளவென்று இருக்க, அது ஒன்று மட்டும் நீலம் பாய்ந்திருந்தது. அதைச் சுற்றிய பிளாஸ்டிக் பழுப்பேறியிருந்தது. ஸ்விட்ச்சுக்குள் கருகியதும் அதே முனைக்கு உரிய தகடுதான். தளர்ந்த பின் சூடாகியிருக்கிறது. சூடு ஸ்விட்ச்சுக்குள் ஏறியிருக்கிறது. நான் கண்டுபிடித்தது காரணம். அக்கா கண்டது காரணத்தின் காரணம்.

"உனக்கு எப்படிக்கா தெரிஞ்சுது?" என்றேன்.

"எங்க லைன்ல பின்னை கிரிம்ப் பண்ணினா இழுத்துப் பாக்காம விட மாட்டோம். தளர்ந்த பின் கையிலயே தெரியும்" என்றாள். மெல்லிய ஊசியால் பூட்டு நாக்கை அமுக்கிப் பழைய பின்னை வெளியே இழுத்தாள். தெரிந்த எலக்ட்ரீஷியனிடமிருந்து கிரிம்பிங் பிளையரைச் சித்தப்பா வாங்கி வந்தார். புதுப் பின்னைப் பொருத்தி, இழுத்துப் பார்த்து, நிறைவோடு தலையாட்டினாள். அதன் பிறகு அளந்தபோது இழப்பு 0.2 வோல்ட். வாய்ப்பாட்டை நான் கொண்டு வந்தேன்; ஆனால் வாய்ப்பாட்டில் பின்னின் நிறம் இல்லை.

இத்தனை சிறிய பொருளுக்கு இவ்வளவு பேச்சா என்று நண்பர்கள் கேட்கலாம். இதே பொருளால் அமெரிக்காவில் நடந்ததைச் சொல்கிறேன். ஜெனரல் மோட்டார்ஸ் கம்பெனியின் சாட்டர்ன் அயான், செவர்லே கோபால்ட் முதலிய கார்களில், சாவி ஆன் நிலையிலிருந்து தானே நழுவி முந்தின நிலைக்கு வந்துவிடும் குறை இருந்தது. சாவியைத் திருப்பத் தேவையான முறுக்குவிசை சுமார் 20 நியூட்டன்-சென்டிமீட்டர் இருக்க வேண்டும் என்பது வரையறை. உள்ளே இருந்த ஸ்பிரிங்கின் பலம் அதற்கு எட்டவில்லை. 200 கிராம் எடையுள்ள சாவிக்கொத்து, சுழலும் அச்சிலிருந்து இரண்டரை சென்டிமீட்டர் தள்ளித் தொங்கினால் 5 நியூட்டன்-சென்டிமீட்டர் திருப்புவிசை தரும். கார் பள்ளத்தில் குலுங்கினால் அது இரு மடங்காகவும் ஆகலாம். முழங்கால் பட்டாலும் போதும். சாவி நழுவினால் எஞ்சின் நின்றுபோகும், ஸ்டியரிங் கனத்துப்போகும், மோதும் நேரத்தில் ஏர்பேக்கும் விரியாது.

எஞ்சின் நிற்கிறது என்று புகார்கள் வந்தபோது அதை வாடிக்கையாளரின் வசதிக் குறைவு என்ற கணக்கில் எழுதினார்கள். ஏர்பேக் ஏன் விரியவில்லை என்று ஆராய்ந்தவர்கள் வேறு பிரிவினர். சாவி அந்த நிலைக்கு வந்தால் ஏர்பேக் அணைந்துவிடும் என்ற செய்தி இரு பக்கத்தையும் இணைக்க வேண்டியது. அது பல ஆண்டுகள் இணையவில்லை. 2006-இல் ஸ்விட்ச்சின் உள் உறுப்பு ஓசையில்லாமல் திருத்தப்பட்டது; ஆனால் பாகத்தின் எண் மாற்றப்படவில்லை. வெளியே ஒரே எண், உள்ளே இரண்டு பொருள்! 2010-இல் ஜார்ஜியா மாநிலத்தில் ஓர் இளம்பெண் விபத்தில் இறந்தாள். அந்த வழக்குக்காகப் பணியாற்றிய பொறியாளர் ஒருவர் புதிய ஸ்விட்ச் ஒன்றை விலைக்கு வாங்கி, விபத்துக் காரின் ஸ்விட்ச்சோடு பக்கத்தில் வைத்துப் பார்த்தார். அப்போதுதான் உள்வேறுபாடு வெளிப்பட்டது. 2014-ஆம் ஆண்டு சுமார் 26 லட்சம் கார்கள் திரும்ப அழைக்கப்பட்டன. ஸ்விட்ச்சை மாற்றும் வரை வளையத்தில் கார்ச் சாவியைத் தவிர வேறெதையும் மாட்டாதீர்கள் என்று உரிமையாளர்களுக்குச் சொல்லப்பட்டது. இழப்பீட்டு நிதியம் ஏற்றுக்கொண்ட மரணங்கள் 124. 2015-இல் அரசோடு செய்துகொண்ட உடன்பாட்டின்படி அந்தக் கம்பெனி 90 கோடி டாலர் செலுத்தியது.

அங்கே படித்தவர்களுக்குக் குறைவில்லை; கருவிகளுக்கும் குறைவில்லை. ஏர்பேக் அறிந்தவரும் ஸ்விட்ச் அறிந்தவரும் ஒரே வாசலில் உட்கார்ந்து பேசாததுதான் குறை. எங்கள் தெருவில் ஆளுக்கு ஓர் உறுப்பு தெரியும் என்று தொடக்கத்தில் சொன்னேன். அது எங்கள் ஊரின் வறுமை என்றுதான் நான் எண்ணியிருந்தேன். கேட்கத் தெரிந்தால் அது செல்வம்.

இந்தச் செய்தியைப் படித்துக் காட்டியதும் சித்தப்பா தம் சாவிக்கொத்தை எடுத்துப் பார்த்தார். வீட்டுச் சாவி, பீரோ சாவி, சைக்கிள் சாவி, ஒரு பாட்டில் திறப்பான், வல்லக்கோட்டை முருகனின் பித்தளைத் தகடு எல்லாம் அதில் இருந்தன. கார்ச் சாவியை மட்டும் தனியே எடுத்துக்கொண்டார். முருகன் இப்போது டாஷ்போர்டில் வீற்றிருக்கிறார்.

இயற்பியல் துறைப் பேராசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள். ஓம் விதியை நாம் நல்ல தடைச்சுருள், நல்ல வயர், நல்ல மீட்டர் கொண்டு செய்கிறோம். விடை சரியாக வருகிறது, ஏடு கையெழுத்தாகிறது. ஆனால் நாளை நம் கைக்கு வரும் பொருள்கள் எல்லாம் பழுதானவையாகவே வரும். ஆகவே ஒரே ஒரு வகுப்பில் பழுதான ஸ்விட்ச் ஒன்றைக் கொடுத்து, எங்கே மின்னழுத்தம் தொலைகிறது என்று தேடச் சொல்லுங்கள். சும்மா அளந்தால் ஒரு விடையும், சுமை ஏற்றி அளந்தால் வேறு விடையும் வருவதை மாணவர்கள் தம் கண்ணால் பார்க்கட்டும்.

அதற்குத் தேவையான ஸ்விட்ச் என்னிடம் இருக்கிறது. கருகிய தகடு வெளியே தெரியும்படி அதைத் திறந்து ஒரு பலகையில் பொருத்தியிருக்கிறேன். நீலம் பாய்ந்த பின்னையும் பக்கத்திலேயே ஒட்டியிருக்கிறேன்; அதன் கீழ் எழுத வேண்டிய குறிப்பை அக்கா எழுதித் தந்தாள். அடுத்த வாரம் ஆய்வகத்தில் ஒப்படைக்கிறேன்.